பாண் கணக்கு

முகாமுக்கு நூற்றி நாற்பது றாத்தல்.
காலை ஐந்தேகாலுக்கு ட்ரக் வரும்.
ஒரு பொடியன் சிங்களத்தில் எண்ணுவான்,
நான் தமிழில் எண்ணுவேன்,
இரண்டும் ஒரே இடத்தில் முடியும்.

உதுமாலெவ்வை காக்காவின் பேக்கரி
ஆரையம்பதிக்கும் காத்தான்குடிக்கும் நடுவில்.
கணக்கெழுத வந்தவன் நான்.
போறணைச் சூட்டில் கொப்பியும் வியர்க்கும்.
மாவின் விலை தெரியும், ஈஸ்டின் அளவு தெரியும்.
முகாமுக்குள் ஒரு நாளும் போனதில்லை.
அரை றாத்தல் ஒரு வயிற்றுக்கு,
மிச்சக் கணக்கை யாரும் பார்க்கலாம்.

வெள்ளி தோறும் ஒருத்தன்
சங்கிலி கழன்ற சைக்கிளை உருட்டி வருவான்.
ஒரு பணிஸ் வாங்குவான், அதையும் தின்ன மாட்டான்.
"என்னகா, இண்டைக்கு யாவாரம் நல்லமா?"
அவன் கேட்டது அவ்வளவுதான்.
நான் சொன்னதும் அவ்வளவுதான்:
"இருபது கூட."

ஞாயிறு இரவு
வாவிக்கு அங்காலே விடியும்வரை வெடித்தது.
திங்கள் ட்ரக் பிந்தி வந்தது.
எண்ணுகிறவன் புதுப் பொடியன், விரல் நடுங்குகிறது.
பதினொன்று குறைக்கச் சொன்னான்.
குறைத்தேன்.
கழித்தலுக்கு ஒரு சின்னக் கோடு போதும்.
அரை றாத்தல் ஒரு வயிற்றுக்கு.

மறுகா, மற்றவர் வந்தார்.
சாரம், ரப்பர் செருப்பு, வெட்டிய நகம்,
எங்களைவிட நல்ல தமிழ்.
முகாமைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.
கடன் கொப்பியைப் புரட்டிக்கொண்டே கேட்டார்:
"கனகவடிவு வீட்டில் தாயும் இரண்டு குமரும்.
ஒன்றரை வாங்கினவள் இப்ப
என்னத்துக்கு இரண்டரை?"

எனக்கு அது மாசியிலேயே தெரியும்.
கூடின றாத்தலுக்கு நேரே
வைரவர் கோயில் என்று எழுதி வைத்திருந்தேன்.
"கோயிலுக்குப் பாணா?"
"நாய்களுக்கு ஐயா. வைரவர் வாகனம்."
சிரித்தார். கொப்பியை மூடினார்.
நம்பினாரா என்பது
இன்றைக்கும் எனக்குத் தெரியாது.
ஆனியில் அந்த வீட்டுக் கணக்கு
திரும்பவும் ஒன்றரைக்கு இறங்கியது.
போனார்களா, போக்கினார்களா,
பாண் சொல்லாது.

ஒற்று என்று இதற்குப் பேர்.
பள்ளிக்கூடத்தில் ஒற்று என்றால்
எழுத்தின் தலையில் குத்துகிற புள்ளி.
போட வேண்டிய இடத்தில் விட்டாலும் பிழை,
விட வேண்டிய இடத்தில் போட்டாலும் பிழை.
வாத்தியார் இதற்கு மட்டும் அடித்தார்.

சண்டை முடிந்து கனகாலம்.
கொழும்பிலிருந்து ஹிமாஸ் என்று ஒரு தம்பி,
கையில் டெப், கழுத்தில் கம்பெனி அட்டை.
"பாசிக்குடாவில் மூன்று ஹோட்டலுக்கு
உங்கட பேக்கரிதானே சப்ளை?
எது முதலில் படுக்கும், அங்கிள்?"
சீனிப்பணிசை நிறுத்தினது எதுவோ அது என்றேன்.
ஆள் குறைந்தால் முதலில் இனிப்புத்தான் குறையும்,
பாண் கடைசி மட்டும் நிற்கும்.
அவன் அதை ஆங்கிலத்தில் அடித்துக்கொண்டான்.
இரண்டு மாதத்தில் அந்த ஹோட்டல் பாதி விலைக்குக் கைமாறியது.
ஐம்பத்துநாலு பேரை வீட்டுக்கு அனுப்பினார்கள்.
எனக்கு ஒரு கவரும் சுவர் மணிக்கூடும் வந்தது.
மணிக்கூடு ஐந்து நிமிடம் முந்தி ஓடுகிறது.

மனிசி போன பிறகு
சுப்பர்மார்க்கெட்டில் அரை றாத்தல் வாங்கினேன்.
"பொயின்ட்ஸ் நம்பர் சொல்லுங்க அங்கிள்."
சொன்னேன், மூன்று கிழமை சொன்னேன்.
நாலாம் கிழமை போனில் ஒரு மெசேஜ்:
ஒருவருக்கான சூப் பக்கெட், இருபது வீதம் கழிவு.

அன்றிலிருந்து முழு றாத்தல்.
பாதி எனக்கு.
மற்றப் பாதியைக் கல்லடிப் பாலத்தில் நின்று
பிய்த்துப் பிய்த்துப் போடுகிறேன்.
இந்த வாவி மீன் பாடும் என்கிறார்கள்.
நான் ஒரு நாளும் கேட்டதில்லை.
தின்னு மனே,
வாயப் பொத்திக்கொண்டு தின்னு.